மந்திரமும் இயற்கை விதிதான் என்னும் புறச்சமயம்: கழிமுக நாட்டுக்கு விதி எழுதுவோம்

#1 கழிமுகம்

கதை நடக்கும் நாடு ஒரு கழிமுகம். கடலூரில் கெடிலமும் உப்பனாறும் கடலைத் தொடுகிற இடத்தை எடுத்துக்கொண்டு பெயரை மட்டும் மாற்றியிருக்கிறேன். ஆற்று வாயில் ஒரு மடம். அந்த நாட்டில் மந்திரம் பலிக்கும். அதில் யாருக்கும் சந்தேகம் கிடையாது, தினமும் கண்ணெதிரே நடக்கிறது. ஏன் பலிக்கிறது என்பதில்தான் சண்டை. மடம் ‘அருளால்’ என்கிறது. எதிர்க்கூட்டமோ, ‘நெருப்பு சுடுவதற்கு யாருடைய அருள் வேண்டும்? இதுவும் அப்படித்தான்’ என்கிறது. இவர்களுக்கு ‘நியதியார்’ என்று பெயர் வைத்திருக்கிறேன்.

இப்போதைக்கு ஒரே விதி: மந்திரம் எதையும் புதிதாக உண்டாக்காது, ஓரிடத்திலிருந்து எடுத்து இன்னோரிடத்தில் வைக்கும். சோதனைக்குத் தண்ணீர் விளக்கை எடுத்துக்கொண்டேன். (கருங்குழியில் வள்ளலார் தண்ணீரில் விளக்கெரித்ததாகச் சொல்வதை நம் பக்கத்தில் அறியாதவர் இல்லை. அது பக்தர்களுடைய நம்பிக்கை, அதை இந்தக் கணக்குக்குள் இழுக்கவில்லை.) ஒரு திரி மணிக்கு 6 கிராம் எண்ணெய் குடிக்கும் என்று வைத்துக்கொள்வோம். கிராமுக்குச் சுமார் 37 கிலோஜூல் என்றால் மணிக்கு 222 கிலோஜூல், அதாவது 60 வாட்டுக்குச் சற்று மேலே. எண்ணெய் இல்லையென்றால் அது பானைத் தண்ணீரின் வெப்பத்திலிருந்து வர வேண்டும். 1 லிட்டர் தண்ணீர் 30 டிகிரியிலிருந்து 0 டிகிரிக்கு இறங்கும்போது 126 கிலோஜூல் விடும். உறைந்து பனிக்கட்டியாகும்போது இன்னும் 334. ஆகமொத்தம் 460. லிட்டருக்கு இரண்டு மணி நேரம் விளக்கு எரியும், பிறகு பானைக்குள் பனிக்கட்டி.

வங்கக் கடலோரத்துப் புழுக்கத்தில் பனிக்கட்டியைவிடப் பெரிய தடயம் உண்டா? மடத்துக் காவலர்கள் வீடு வீடாகப் போய்ப் பானையைத் தொட்டுப் பார்க்கும் காட்சிவரை எழுதியாயிற்று. ஓட்டை எங்கே இருக்கிறது, சொல்லுங்கள். இன்னொரு கேள்வி: புறச்சமயம் என்று முத்திரை குத்த இந்த ஒரு விதி போதுமா?

#2 மஞ்சக்குப்பத்தார்

போதாது. ‘மந்திரம் தானே வேலை செய்யும்’ என்பது வைதிகத்தின் நடுக்கூடத்திலேயே உட்கார்ந்திருந்த கொள்கை. வேத வேள்விகளுக்குப் பொருள் சொன்ன மீமாஞ்சகர் சொன்னது அதுதான். வேள்வியை முறைப்படி செய்தால் ‘அபூர்வம்’ என்று ஒரு கண்காணா ஆற்றல் பிறக்கும், பலன் அதிலிருந்து வரும், எடுத்துக் கொடுக்க ஒரு கடவுள் தேவையில்லை. தேவதை என்பது மந்திரத்தில் ‘இந்திரனுக்கு’ என்று நான்காம் வேற்றுமையில் நிற்கும் ஒரு பெயர், அதற்கு மேல் ஒன்றுமில்லை என்கிற அளவுக்குப் போனவர்கள் அவர்கள். அதற்காக அவர்களை யாரும் கழுவேற்றவில்லை. சைவர்கள் சமயங்களை நான்கு வட்டமாகப் போட்டு (புறப்புறம், புறம், அகப்புறம், அகம், வட்டத்துக்கு ஆறு) மீமாஞ்சையைப் ‘புறத்தில்’ உட்கார வைத்தார்கள். கண்ணால் காண்பதை மட்டும் நம்பும் உலகாயதனுக்கு அதற்கும் வெளியே இடம்.

மீமாஞ்சகர் தப்பித்தது எப்படி என்று பாருங்கள். ‘யார் செய்யலாம்’ என்பதை அவர்கள் விடவே இல்லை. பூணூல் வேண்டும், வளர்த்த தீ வேண்டும், பக்கத்தில் மனைவி வேண்டும். விதி தானாக இயங்கும், சாவி மட்டும் எங்கள் இடுப்பில் என்பது அவர்கள் நிலை. உங்கள் கூட்டம் சொல்ல வேண்டியது ‘அளவு சரியாக இருந்தால் எவன் சொன்னாலும் பலிக்கும்’. மடத்துக்கு வலிக்கப்போவது அந்த ‘எவன் சொன்னாலும்’ என்ற இடத்தில்தான். மற்றதெல்லாம் தத்துவச் சண்டை. மடத்துப் பண்டிதர்களுக்கு அது பொழுதுபோக்கு.

#3 வாட்டுக்கணக்கு

ஓட்டை பானையிலேயே இருக்கிறது. ஆற்றல் கணக்கு நேராகிவிட்டது, சரி. ஆனால் 30 டிகிரிப் பானையிலிருந்து வெப்பத்தை உறிஞ்சி 1000 டிகிரிச் சுடருக்கு ஏற்றுகிறீர்கள். வெப்பம் தானாக மேட்டுக்கு ஏறாது. ஏற்றுவதற்குத் தனியாகக் கூலி கொடுக்க வேண்டும். குளிர்சாதனப் பெட்டிக்கு மின்சாரம் எதற்கு என்று யோசித்தால் புரியும். இந்த ஓட்டையை அடைக்காமல் விட்டால் நாளை ஒரு வாசகர், ‘பானைக்குப் பதில் கடலையே வைத்தால் என்ன?’ என்று கேட்பார். கடல் முழுக்க வெப்பம்தானே. அத்தோடு பஞ்சம் தீர்ந்தது, போர் தீர்ந்தது, கதையும் தீர்ந்தது.

கூலிக்கு வேறெங்கும் போக வேண்டாம், நீங்கள் கழிமுகத்தில்தான் உட்கார்ந்திருக்கிறீர்கள். நன்னீரும் கடல்நீரும் பிரிந்திருப்பதே ஒரு சேமிப்பு. 1 லிட்டர் ஆற்றுநீர் ஏராளமான கடல்நீரோடு கலக்கும்போது அதிலிருந்து எடுக்கக்கூடிய உச்சவரம்பு சுமார் 2.5 கிலோஜூல். அதே லிட்டர் 250 மீட்டர் உயரத்திலிருந்து விழுவதற்குச் சமம். ஆனால் கையை விட்டுப் பார்த்தால் சூடே தெரியாது. யாரும் எடுக்காவிட்டால் சத்தமில்லாமல் வீணாகிப் போகும். உலகத்தில் எல்லா ஆற்று வாயிலும் இந்த நிமிடமும் அப்படித்தான் வீணாகிக்கொண்டிருக்கிறது.

உங்கள் விளக்குக்கு மணிக்கு 222 கிலோஜூல் என்றால் கிட்டத்தட்ட 90 லிட்டர் ஆற்றுநீர். பிளாஸ்டிக் குடத்தில் ஆறு குடம். ஒரு விளக்குக்கே ஆறு குடமா என்று மலைக்க வேண்டாம். ஆற்றில் வினாடிக்கு 1 கன மீட்டர், அதாவது 35 கன அடி வந்தாலே 2,500 கிலோவாட் கிடைக்கும். 40,000 விளக்கு. வெள்ளக் காலத்தில் அது எத்தனை மடங்கு என்று நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

ஆக விதி இப்படி மாறும்: மந்திரம் வேறுபாட்டைத் தின்னும். நன்னீர்–உப்புநீர் வேறுபாடு எங்கே இருக்கிறதோ அங்கேதான் பலிக்கும். பானைக்குள் பனிக்கட்டி வராது, காவலர் காட்சியை மறந்துவிடுங்கள்.

#4 கடலூர்_முதுநகர்

அண்ணே, கணக்கு சூப்பரு. ஆனா முகத்துவாரம் வருஷம் பூரா தொறந்தே இருக்கும்னு நெனச்சிட்டீங்க. ஐப்பசி கார்த்திகையில ஆறு கரை தளும்பி வரும், அப்ப கடலுக்குள்ள ரொம்ப தூரத்துக்கு செவப்பா தெரியும். தை மாசி ஆச்சுன்னா வரத்து கொறையும். சித்திர வைகாசியில ஆத்துல தண்ணி இருக்காது, அலை மண்ணக் கொண்டாந்து வாயில திட்டு போட்டுடும், முகத்துவாரம் தூந்துரும். வெட்டி உட்டாத்தான் படகு போவும். அப்ப ஒங்க மடத்துல மந்திரம் பலிக்காது. சாமி தூங்குதுன்னு சொல்லி நடைய சாத்திடுவாங்க, இல்லியா?

இன்னொன்னு. ஆத்துத் தண்ணியும் கடத் தண்ணியும் உடனே கலந்துராது. உப்புத்தண்ணி கனம், அது அடியில ஆப்பு மாதிரி உள்ள பூரும். நல்ல தண்ணி மேலாப்புல போவும். மேல மொண்டு குடிச்சா ஒரு ருசி, கோல்ல சட்டிய கட்டி அடியில மொண்டா வேற ருசி. எவனாவது அந்த எடத்துல மந்திரம் போட்டு வேறுபாட்ட தின்னுட்டான்னா மேலயும் கீழயும் ஒரே கரிப்பா ஆயிடும். வல போடுறவனுக்கு நாக்குல வச்சாலே தெரிஞ்சிரும். பானைய தடவுறதுக்கு பதிலா இத வச்சுக்கங்க.

#5 கழிமுகம்

முதுநகர் அண்ணன் சொன்னது அப்படியே கதைக்குள் போகிறது. மாசி மகத்துக்கு தேவனாம்பட்டினத்துக்கு சாமி வருவது மாதிரி என் நாட்டிலும் ஒரு தீர்த்தவாரி வைத்திருந்தேன். மடம் அன்றுதான் பெரிய அற்புதம் காட்டும். அதை ஐப்பசிக்கு மாற்றிவிட வேண்டியதுதான்.

#6 வாட்டுக்கணக்கு

மாற்றாதீர்கள். மாசி மகம் பௌர்ணமியை ஒட்டி வரும், அன்று ஓதம் (கடல்நீர் ஏற்றம்) பெரிது. நம் கரையில் பெரிய ஓதத்துக்கும் வற்றத்துக்கும் (கடல்நீர் இறக்கம்) வித்தியாசம் ஒரு மீட்டரை ஒட்டியே இருக்கும், குஜராத் மாதிரி கிடையாது. ஆனாலும் வற்றம் இறங்கும்போது கழிக்குள் தேங்கி நின்ற நன்னீர் மொத்தமாகக் கடலுக்கு ஓடும் சில மணி நேரம் உண்டு. ஆறு சிறிது, ஓட்டம் பெரிது. மடத்துக்குக் கணக்குத் தெரியாது, நாள் தெரியும். பல தலைமுறையாகப் பார்த்துப் பார்த்து நல்ல நாளைக் கண்டுபிடித்து வைத்திருப்பார்கள். மூடர்களாக அவர்களைக் காட்டினால் கதை சப்பென்று போய்விடும். பஞ்சாங்கம் அவர்களுடைய அளவைப் புத்தகம், அதில் காரணம் மட்டும் வேறாக எழுதியிருக்கிறது.

#7 ஏடுபெயர்ப்பவர்

மஞ்சக்குப்பத்தார் சாவி என்றார். அந்தச் சாவி எப்படி இருக்கும் என்று சொல்கிறேன்.

பழைய முறைப்படி மெய்யெழுத்துக்கும் குறில் எ, ஒ இரண்டுக்கும் புள்ளி உண்டு. ஆனால் பழைய ஓலையில் புள்ளி வைக்க மாட்டார்கள். எழுத்தாணியால் அழுத்தினால் ஓலை துளைபட்டுக் கிழியும் என்பது பொதுவாகச் சொல்லும் காரணம். விளைவு: க, க் இரண்டும் ஒன்று. எகர ஏகாரம் ஒன்று, ஒகர ஓகாரம் ஒன்று. அதுபோகத் துணைக்காலும் ரகரமும் ஒரே கோடு. வீரமாமுனிவர் (1680–1747) வந்து ஏகார ஓகாரத்துக்குத் தனி வடிவம் நிலைப்படுத்தும்வரை ‘எரி’, ‘ஏரி’ இரண்டையும் ஓலையில் இடம் பார்த்துத்தான் பிரிக்க முடியும். தண்ணீரில் விளக்கெரிக்கும் மந்திரத்தில் அந்தச் சொல் வருகிறது என்று வையுங்கள். நெருப்பா, நீரா? பொருளைக் கொண்டும் ஊகிக்க முடியாது, இரண்டுமே பொருந்தும்.

ஒரு மந்திரத்தில் இப்படி ஆறு இடம் இருந்தால் 2 × 2 × 2 × 2 × 2 × 2, மொத்தம் 64 வாசிப்பு. அதில் ஒன்றுதான் பலிக்கும். எது என்பது ஏட்டில் இல்லை, குருவின் வாயில் இருக்கிறது. இப்போது விதிக்கும் மடத்துக்கும் முரணே இல்லை, கவனித்தீர்களா? விதி எல்லோருக்கும் பொது. ஏடும் எல்லோருக்கும் கிடைக்கலாம். ஆனால் குரு வாய் திறந்தால்தான் பூட்டு திறக்கும். புறச்சமயத்தான் யார் என்றால், 64ஐயும் தானே சொல்லிப் பார்த்துக் குறித்துவைப்பவன்.

ஒரு எச்சரிக்கை. இது தமிழ் மந்திரத்துக்கு மட்டும் பொருந்தும். புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தில் இருக்கும் சைவச் சுவடிகள் (2005இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் ஏறியவை) பெரும்பாலும் கிரந்த எழுத்தில் எழுதிய வடமொழி. வடமொழியில் ஏ, ஓ எப்போதும் நெடில், குறில் கிடையாது. அங்கே இந்தக் குழப்பமே எழாது. ஆகவே உங்கள் நாட்டில் மேல்தட்டு மந்திரம் கிரந்தத்தில் இருந்தால் அதற்குப் பூட்டு வேறு வகை: அந்த எழுத்தையே கற்றுத்தர மாட்டார்கள்.

#8 அரைமாத்திரை

64 வாசிப்பு என்பது எழுத்துக் கணக்கு. அதோடு காலக் கணக்கு சேர்ந்தால்தான் மந்திரம். குறிலுக்கு 1 மாத்திரை, நெடிலுக்கு 2, மெய்க்கு அரை, குற்றியலுகரத்துக்கு அரை, மகரக்குறுக்கத்துக்குக் கால். இவை விகிதம். மாத்திரை என்பது எவ்வளவு நேரம்? கண்ணிமை, கைநொடி என்று தொல்காப்பியம் சொல்லும். கண்ணிமைப்பு ஆளுக்கு ஆள் 0.1 முதல் 0.4 வினாடிவரை போகும். இலக்கணத்துக்கு அது போதும், விதிக்குப் போதாது.

உங்கள் ஆட்களுக்கு நாழிகை வட்டில் வேண்டும், சங்கப் பாட்டில் வரும் குறுநீர்க் கன்னல். அடியில் துளையுள்ள செப்புக் கிண்ணத்தைத் தொட்டி நீரில் மிதக்க விட்டால் நிறைந்து மூழ்க 1 நாழிகை, 24 நிமிடம். ஒரு மாத்திரையை நேராக அளக்க முடியாது. அதனால் 16 மாத்திரை மந்திரத்தை விடாமல் உருவேற்றி, கிண்ணம் மூழ்குவதற்குள் எத்தனை உரு என்று எண்ண வேண்டும். 300 உரு என்றால் 1,440 வினாடியை 300ஆல் வகுத்து ஓர் உருவுக்கு 4.8 வினாடி, மாத்திரைக்கு 0.3 வினாடி. எண்ணுவதற்குப் புளியங்கொட்டை. சொல்பவனே எண்ணக்கூடாது, எண்ணினால் வேகம் மாறும்.

இதில் எங்கே சறுக்கும் தெரியுமா? துளையில். தடித்த தகட்டில் ஊசி மாதிரி நீளத் துளை போட்டால் அது துளை இல்லை, குழாய். குழாய்க்குள் நீரின் பிசுக்கம் (பாகுத்தன்மை) பேசும். 22 டிகிரி மார்கழி விடியலுக்கும் 30 டிகிரி நண்பகலுக்கும் பிசுக்கத்தில் ஆறில் ஒரு பங்கு வித்தியாசம். விடியலில் கிண்ணம் மெதுவாக நிறையும், நாழிகை நீளும், 300 உரு ஏறவேண்டிய இடத்தில் 350ஐத் தாண்டும். உடனே, ‘பிரம்ம முகூர்த்தத்தில் நாவு தானாக ஓடுகிறது பார்’ என்று ஏட்டில் எழுதிவிடுவார்கள். அது நாவு இல்லை, துளை. தகடு மெல்லியதாக, துளை அகலத்தைவிடத் தகட்டின் கனம் குறைவாக இருந்தால் இந்தக் கோளாறு பெருமளவு போய்விடும். கிணற்று நீர் உபயோகித்தால் சுண்ணாம்பு படிந்து துளை சுருங்கும். பட்டுத்துணியில் வடித்த மழைநீர் நல்லது.

சொந்தக் கருவியின் பிழையை தெய்வத்தின் கையெழுத்தாக எடுத்துக்கொள்ளும் ஒரு தலைமுறை உங்கள் சமயத்தில் இருந்தே ஆக வேண்டும் என்பது என் அபிப்பிராயம். அது இல்லாமல் எந்த அளவைக் கூட்டமும் வளர்ந்ததில்லை.

#9 கழிமுகம்

அருமை. அப்படியானால் சோதனையை இப்படி வைக்கிறேன். ஒரு வற்றத்துக்கு ஒரு வாசிப்பு. நாளைக்கு இரண்டு வற்றம். 1ஆம் வாசிப்பில் தொடங்கி வரிசையாக 64 வரை, சுமார் ஒரு மாதம். சுடர் எத்தனை விரல் உயரம் என்று ஒவ்வொரு முறையும் குறிப்பு. 41ஆவது பலிக்கிறது.

#10 வாட்டுக்கணக்கு

வரிசையாக வைத்தால் கெட்டீர்கள். இரண்டு வற்றத்துக்கு இடையே 12 மணி 25 நிமிடம், ஆக 64க்கு 33 நாள். அந்த 33 நாளில் பெரிய ஓதம் இரண்டு தடவையாவது வந்து போகும், ஏறக்குறைய 15 நாளுக்கு ஒன்று. அந்த நாட்களில் விழும் வாசிப்புக்கெல்லாம் சுடர் ஓங்கும், இடைப்பட்ட நாட்களில் விழுவது மங்கும். 41 பலித்தது மந்திரத்தாலா, அமாவாசையாலா? மடத்து வக்கீல் ஒரே கேள்வியில் முடித்துவிடுவார்.

சோழி உருட்டி வரிசையைக் குலைக்க வேண்டும். உருட்டி முடித்த வரிசையை முன்கூட்டியே எழுதி மூடி வைக்க வேண்டும், பாதியில் மாற்றக்கூடாது. சுடரை அளப்பவனுக்கு இன்று எந்த வாசிப்பு என்று தெரியக்கூடாது. காதில் மெழுகு வைத்து உட்காரட்டும். இதையெல்லாம் செய்து முதல் சுற்றில் தேறிய நாலைந்தை மட்டும் அடுத்த மாதம் ஆளுக்கு எட்டு வற்றம் என்று மறுபடி ஓட்டினால் அப்புறம் பேசலாம். மேலே மழை பெய்து ஆறு பெருகினால் அந்த நாள் கணக்கைத் தள்ளுவதா சேர்ப்பதா என்பதையும் முதலிலேயே முடிவு செய்துவிட வேண்டும். பலன் வந்தபின் தள்ளுவது ஏமாற்று.

#11 முத்தியால்பேட்டை_வாசகி

ஒரு தொகுதிச் சோதனை இன்னும் யாரும் சொல்லவில்லை. யார் சொன்னாலும் பலிக்கும் என்பதுதானே கட்சி? அப்போது ‘யார்’ என்பதை மாற்றிப் பார்க்க வேண்டும்.

சிதம்பரத்துப் பக்கம் சைவ ஆசிரியர் உமாபதி சிவத்தைப் பற்றிச் சொல்லும் கதை நினைவிருக்கும். தாழ்த்தப்பட்ட குலத்துப் பெற்றான் சாம்பானுக்குத் தீக்கை (தீட்சை) கொடுத்து முத்தி அளித்தார், அரசன் நம்பவில்லை, அதனால் ஒரு முள்ளிச்செடிக்குக் கொடுத்துக் காட்டினார். சைவருக்கு இது அருளின் எல்லையின்மை. உங்கள் கூட்டத்தான் ஒருவன் இதே மாதிரி ஒரு கதையைக் கேட்டால் வேறு மாதிரி துள்ளுவான்: ‘செடிக்கு பக்தி இல்லை, குலம் இல்லை, பொருள் தெரியாது. ஆனாலும் நடந்தது!’ ஒரே கதை, இரண்டு வாசிப்பு. எரி–ஏரி மாதிரியே. இதை ஒரு வாதக் காட்சியாக வைத்தால் இரு பக்கமும் நேர்மையாக இருக்கும்.

செடி மந்திரம் வாங்கும், சொல்லாது. சொல்ல வைப்பதற்கு மூன்று பேர்: தமிழ் தெரியாத மாலுமி (பொருள் வேண்டுமா என்று பார்க்க), மனம் கசந்துபோன பழைய பூசாரி (பக்தி வேண்டுமா என்று பார்க்க), கிளி. கிளியில் ஒரு சிக்கல் இருக்கிறது. அது நெடிலைக் கடித்துவிடும், மெய்யை விழுங்கும். கிளி தோற்றால் உயிரின் குறையா, மாத்திரையின் குறையா என்று பிரிக்க முடியாது. ஆகவே கிளி ஜெயித்தால் மட்டுமே சாட்சி, தோற்றால் சாட்சி ஆகாது. இந்த வித்தியாசம் புரியாத அவசரக்காரச் சீடன் ஒருவன் கூட்டத்தில் இருப்பான், அவனை வைத்துத்தான் மடம் உங்கள் ஆட்களை மடக்கும்.

பெயர் பற்றி: ‘நியதியார்’ வேண்டாம் தோழர். நியதி என்றாலே எல்லாம் ஊழ் என்ற பழைய சமயத்தாரான ஆசீவகர் வந்து நிற்பார்கள். அவர்களுடைய நியதியில் முயற்சிக்குப் பலன் கிடையாது. உருட்டிவிட்ட நூற்கண்டு பிரிந்து முடியும்வரை ஓடுவது மாதிரி உயிர் 84 லட்சம் மகாகற்பம் (பேரூழி) ஓடித் தீரும், நடுவில் யாரும் எதுவும் செய்ய முடியாது. உங்கள் ஆட்களோ 64 தடவை முயன்று பார்ப்பவர்கள். நேர் எதிர்.

#12 அரைமாத்திரை

‘அளவைவாதி’யும் சரிவராது. மணிமேகலை வஞ்சியில் சமயக்கணக்கரை (ஒவ்வொரு சமயத்தின் வாதியை) கேட்கும்போது அந்தப் பெயரில் முதலில் பேசுபவர் வைதிகர். ‘கன்னலார்’ என்று வையுங்கள். எதிரிகள் கேலியாக வைத்த பெயராக இருக்கட்டும்: எப்போது பார்த்தாலும் கன்னலைப் பார்த்துக்கொண்டிருப்பவர்கள். கன்னல் என்றால் கரும்பும் ஆகும். நெல்லிக்குப்பம் ஆலையைத் தாண்டிப் போகிறவர்களுக்கு அந்தச் சிலேடை தானாக இனிக்கும்.

#13 மஞ்சக்குப்பத்தார்

மணிமேகலை என்றதும் அதே இடத்தில் பேசும் பூதவாதி ஞாபகம் வருகிறது. தாதகிப் பூவும் வெல்லக்கட்டியும் மற்றதும் சேர்த்தால் கள்ளின் களிப்பு பிறப்பது மாதிரி, பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கும், பிரிந்தால் பறையோசை அடங்குவது மாதிரி அடங்கும் என்பான் அவன். கூட்டுப்பொருளில் தனித்தனியாக இல்லாத குணம் கூட்டத்தில் வருகிறது என்பது அவனுடைய வாதம். உண்மையில் நடப்பது வேறு. அந்தப் பூவில் ஒட்டியிருக்கும் நொதி உயிர்கள்தான் வெல்லத்தைச் சாராயமாக்குகின்றன. இன்றும் அரிஷ்டம் (நொதிக்க வைத்துச் செய்யும் ஆயுர்வேத மருந்து) போடுபவர்கள் அதே பூவைத்தான் இடுகிறார்கள். பூவை வேகவைத்துப் போட்டால் பொங்காது. பூதவாதி விதியைச் சரியாகப் பிடித்தான், ஆளைத் தவறவிட்டான்.

கன்னலாருக்கும் அதே விபத்து வேண்டும். 64ஐச் சலித்து சரியான வாசிப்பைக் கண்டுபிடித்துவிடுகிறார்கள். ‘விதி எழுத்தில் இருக்கிறது’ என்று அறிவிக்கிறார்கள். அரசன் தலைநகருக்குக் கூப்பிடுகிறான், கடற்கரையிலிருந்து பத்துக் காதம் உள்ளே. சபையில் நிறுத்தி நிதானமாக, மாத்திரை பிசகாமல் சொல்கிறார்கள். திரி நனைந்தபடியே இருக்கிறது. ஏனென்றால் அங்கே உப்பும் இல்லை, ஆறும் இல்லை. மடத்துக்காரர் பதறாமல் எழுந்து, ‘எங்கள் ஆற்று வாய்த் தெய்வம் இங்கே வரவில்லை, அவ்வளவுதான்’ என்பார். அன்றைக்கு அவர் சொன்னதுதான் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கும்!

#14 கடலூர்_முதுநகர்

இது செம. ஆனா பானைல கடத்தண்ணிய மொண்டு, இன்னொரு பானைல ஆத்துத்தண்ணிய மொண்டு வண்டில ஏத்திட்டு போனா நடக்குமே?

#15 வாட்டுக்கணக்கு

நடக்கும். ஒரு விளக்கு ஒரு மணி நேரம் எரிய 90 லிட்டர் நன்னீர், அதைப்போல் பல மடங்கு கடல்நீர். கடல்நீரைக் குறைத்தால் அதுவே நீர்த்துப்போய் வரவு இறங்கும். ஒரு மாட்டு வண்டி லோடுக்கு ஒரு விளக்கு. இதைக் கண்டுபிடிப்பவள் தண்ணீர் சுமப்பவளாக இருக்கட்டும், பண்டிதர் எவரும் வேண்டாம். எந்தக் குடம் எந்தத் துறையில் மொண்டது என்று அவளுக்குத்தான் தெரியும்.

#16 முத்தியால்பேட்டை_வாசகி

யார் விலை கொடுப்பது என்பதும் வர வேண்டும். கன்னலார் பெருகி ஆளுக்கு ஆள் ஆற்றுநீரை மந்திரத்துக்கு இழுத்தால் உப்பு ஆப்பு மேலே மேலே ஏறும். உள்ளூர்க் கிணறு கரிக்கும், நாற்றங்கால் கருகும். புதுச்சேரித் துறைமுக வாயில் 1980களின் பிற்பகுதியில் அலைத்தடுப்புச் சுவர் கட்டினார்கள். நம் கரையில் மணல் பெரும்பாலும் தெற்கிலிருந்து வடக்கே நகரும். சுவருக்குத் தெற்கே மணல் குவிந்தது, வடக்கே நகரக் கடற்கரை அரித்துப்போய்க் கல் கொட்ட வேண்டி வந்தது. தெற்கே நிற்பவனுக்கு நஷ்டம் கண்ணில் படாது. மடம் பல நூறு ஆண்டு வருஷத்துக்கு ஒரு நாள்தான் அற்புதம் காட்டியது என்பதில் தந்திரம் மட்டுமில்லை, ஒரு சிக்கனமும் இருந்திருக்கலாம். மடத்திலேயே அதற்குக் காரணம் மறந்துபோயிருக்கும்.

#17 நெறியாளர்

இழை நன்றாகப் போகிறது. இன்றுள்ள மடம், கோயில் எதையும் ஒப்பிட்டு வம்புக்கு இழுக்க வேண்டாம், அதை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.

#18 மஞ்சக்குப்பத்தார்

விசாரணைக் காட்சிக்கு ஒரு குறிப்பு. ‘விதியா அருளா’ என்று நீதிமன்றத்தில் வாதம் நடக்காது. வள்ளலார் பாடல்களைச் சுற்றி எழுந்த அருட்பா–மருட்பா சண்டை 1869இல் எங்கள் மஞ்சக்குப்பம் நீதிமன்றம்வரை வந்தது. சண்டைக்கு வேர் ஒரு பெயர்: திருமுறைக்கு உரிய ‘அருட்பா’ என்ற சொல்லை இன்னொருவர் பாடலுக்குச் சூட்டலாமா? நீதிமன்றப் படியேறியதோ அவதூறு வழக்காக. உங்கள் நாட்டிலும் குற்றப்பத்திரிகையில் தத்துவம் இருக்கக்கூடாது. மடத்து ஏட்டைப் படியெடுத்தார், தீட்சை பெறாமல் உருவேற்றினார், தீர்த்தத் துறையில் அனுமதியின்றிக் கிண்ணம் மிதக்கவிட்டார். இப்படிச் சில்லறையாக.

அதற்குச் சாட்சியம் என்ன வைப்பது என்பதுதான் இடிக்கிறது. தண்ணீர் கரிப்பு ஊர் முழுக்கப் பொது, ஒருவன் மேல் சுமத்த முடியாது.

#19 ஏடுபெயர்ப்பவர்

சாட்சியம் ஏட்டிலேயே இருக்கும். 64ல் எது பலிக்கிறது என்று கண்டுபிடித்தவன் அதை எங்காவது குறித்தாக வேண்டும், இல்லாவிட்டால் அடுத்தவனுக்குப் போகாது. குறிப்பதற்கு வழி ஒன்றுதான்: குறில் எகரத்துக்குப் புள்ளி. ஓலையைப் பதமாக வேகவைத்து, உலர்த்தி, சங்கால் தேய்த்து வழவழப்பாக்கியிருப்பார்கள். கோடு கீறினால் மேல்தோலோடு நிற்கும். புள்ளிக்கு எழுத்தாணியை நேராக ஊன்ற வேண்டும், கை கொஞ்சம் கனத்தால் மறுபக்கம் வந்துவிடும். பிறகு விளக்குக் கரியும் கோவையிலைச் சாறும் தடவித் துடைக்கும்போது கீறலில் கரி நிற்கும், துளையில் நிற்காது.

கட்டைப் பிரித்து ஒவ்வோர் ஓலையாகத் தீபத்துக்கு நேரே பிடித்துப் பார்ப்பார்கள். மடத்து ஏட்டில் வெளிச்சம் தெரியாது. கன்னலார் ஏட்டில் வரிக்கு ஆறு பொட்டு வெளிச்சம் தெரியும்.

#20 கழிமுகம்

பானையைத் தொட்டுப் பார்க்கும் காட்சியை வெட்டிவிட்டேன். காவலர் கையில் இப்போது அகல் விளக்கு. அரைமாத்திரைக்கு ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது: அந்த ஆறு பொட்டில் ஒன்று பூச்சி அரித்த துளை என்றால், மாத்திரைக் கணக்கை வைத்து எது என்று பிரிக்க முடியுமா?

#21 அரைமாத்திரை

மந்திரம் 16 மாத்திரை என்று கன்னலில் அளந்து வைத்திருந்தால் முடியும். ஆறு இடமும் குறில் என்று படித்தால் ஒரு மாத்திரை குறைந்து 15 வரும். ஆக அதில் ஏதோ ஒன்று நெடில், அங்கே இருப்பது பூச்சித் துளை. எந்த ஒன்று என்பதற்கு ஆறு வற்றம் காத்திருக்க வேண்டும்.